பெயரில்லாத வாரண்டு

ஒருவர் குற்றம் புரிந்தாரா இல்லையா என்பதை விசாரணை முடிவு செய்யும். ஆனால் விசாரணை தொடங்குமுன்பே எழக்கூடிய கேள்வி ஒன்றுண்டு. அவரைப் பிடித்து வந்தது முறையா? பிடித்தவருக்கு அந்த அதிகாரம் எங்கிருந்து வந்தது? இக்கேள்வியை நீதிமன்றத்தின் முன் வைத்து, வழக்கு வளருமுன்பே அதனைத் தடுக்க முயல்வது இன்று பல நாடுகளில் காணப்படும் வழக்கம். சட்டத்தின் நுட்பம் அறியாதோர் இதனை வழக்கறிஞரின் சூழ்ச்சி என்றும், குற்றவாளி நழுவிச் செல்லும் சந்து என்றும் எள்ளுவதுண்டு. அவ்வாறு எள்ளுவோர், 1763 ஆம் ஆண்டில் லண்டன் மாநகரில் நடந்ததை ஒருமுறை ஊன்றிப் படித்தல் நன்று.

அக்காலத்து இங்கிலாந்தின் நிலையை முதலிற் சிறிது காண்போம். 1760 இல் மூன்றாம் ஜார்ஜ் அரியணை ஏறினார். பிரான்சுடனும் ஸ்பெயினுடனும் நடந்துவந்த ஏழாண்டுப் போர் 1763 பிப்ரவரி 10 ஆம் நாள் பாரிஸ் உடன்படிக்கையோடு முடிந்தது. போரில் வென்றதை உடன்படிக்கையில் விட்டுக்கொடுத்துவிட்டார்கள் என்று மக்களிற் பலர் குமுறினர். அவ்வுடன்படிக்கையைச் செய்தவர் மன்னருக்கு மிக வேண்டியவரான பியூட் பிரபு. அவர் ஸ்காத்லாந்துக்காரர். அவரை ஆதரித்து நடந்த ஏட்டின் பெயர் 'பிரிட்டன்'. அதனைக் கேலி செய்வதற்கென்றே 1762 ஜூன் திங்களில் 'நார்த் பிரிட்டன்' என்னும் எதிர் ஏடு தோன்றிற்று. அதை நடத்தியவர் ஜான் வில்க்ஸ்.

வில்க்ஸ் சாராயம் வடிக்கும் தொழிலதிபர் ஒருவரின் மகன். 1757 முதல் ஏல்ஸ்பரி தொகுதியின் பாராளுமன்ற உறுப்பினர். மாறுகண் உடையவர், நாவன்மை மிக்கவர், கடனாளி, ஒழுக்கத்திற்குப் பெயர் போனவர் அல்லர். வரலாற்று நூல்கள் சில அவரைச் சுதந்திரத்தின் திருவுருவாகவே வரைந்துவிடுகின்றன. அவர் அத்தகையவரல்லர். சட்டத்தின் காவல் நல்லோருக்கு மட்டுமே உரியது என்றால், அதற்குச் சட்டம் என்று பெயரிட வேண்டியதில்லை.

1763 ஏப்ரல் 19 ஆம் நாள் மன்னர் பாராளுமன்றத்தை முடித்துவைத்து உரையாற்றினார். சமாதான உடன்படிக்கை அவ்வுரையிற் புகழப்பட்டது. நான்கு நாள் கழித்து, 23 ஆம் நாள், 'நார்த் பிரிட்டன்' ஏட்டின் 45 ஆம் இதழ் வெளிவந்தது. மன்னர் உரை என்பது அமைச்சர் எழுதிக் கொடுக்கும் உரையே என்ற முன்னுரையோடு, அவ்வுரையை அந்த இதழ் கிழித்துப் போட்டது. கட்டுரையில் ஆசிரியர் பெயர் இல்லை. அக்காலத்து ஏடுகளில் அது வழக்கமே.

அரசாங்கம் இதனை அரச நிந்தனை என்று கொண்டது. இங்கே அக்காலத்து நிந்தனைச் சட்டத்தைப் பற்றி ஒரு செய்தியை அறிந்துகொள்ளாவிடில், பின்வருவன விளங்கமாட்டா. நிந்தனை வழக்கில் ஜூரர்கள் தீர்மானிக்கக்கூடியது ஒன்றே ஒன்றுதான்: எதிரி அதனை வெளியிட்டாரா இல்லையா என்பது. வெளியிட்ட எழுத்து நிந்தனையா அல்லவா என்பதை நீதிபதியே சொல்லிவிடுவார். எழுதியது உண்மை என்று மெய்ப்பித்தாலும் பயனில்லை. 1792 இல் பாக்ஸ் என்பவர் கொண்டுவந்த சட்டத்தின் பின்னரே, முழுக் கேள்வியும் ஜூரர் கைக்கு வந்தது. மேலும், பெருங்குற்ற வழக்குகளிற் குற்றச்சாட்டு முதலிற் பெரு ஜூரி எனப்படும் குடிமக்கள் குழுவின்முன் வைக்கப்படும். ஆதாரம் போதாது என்று அவர்கள் கருதினால் வழக்கு அங்கேயே நின்றுவிடும். நிந்தனை வழக்கிலோ அரசாங்கத்தின் அட்டர்னி ஜெனரல் தம் சொந்த அதிகாரத்தில் நேரே குற்றப்பத்திரிகை தாக்கல் செய்துவிடலாம். பெரு ஜூரி என்ற வாயிற்படியே இல்லை. ஆகவே, அச்சுக்கூடத்தில் எழுத்துக் கோத்த ஒரு தொழிலாளி விசாரணைக் கூண்டில் ஏறிவிட்டால், 'ஆம், கோத்தேன்' என்பதற்கு மேல் அவன் சொல்லக்கூடியது எதுவுமில்லை. அவனுக்கு ஏதேனும் பாதுகாப்பு உண்டென்றால் அது விசாரணைக்கு முன்னரே இருந்தாக வேண்டும்.

ஏப்ரல் 26 ஆம் நாள் அரசுச் செயலமைச்சர் ஹாலிபாக்ஸ் பிரபு ஒரு வாரண்டில் கையெழுத்திட்டார். அரச சேவகர் நால்வரிடம் அது தரப்பட்டது. 'நார்த் பிரிட்டன்' 45 ஆம் இதழின் ஆசிரியர்கள், அச்சிட்டோர், வெளியிட்டோர் ஆகியோரைத் தேடிப் பிடித்து, அவர்தம் காகிதங்களோடு கொண்டுவருக என்பதே கட்டளை. யார் அந்த ஆசிரியர்? யார் அச்சிட்டவர்? ஒரு பெயரும் வாரண்டில் இல்லை. யாரைப் பிடிப்பது, எந்த வீட்டிற் புகுவது, எந்தப் பெட்டியை உடைப்பது என்பதெல்லாம் சேவகர் விருப்பம். இவ்வகை ஆணைக்குப் பொது வாரண்டு என்று பெயர்.

இது ஹாலிபாக்ஸ் பிரபு புதிதாகக் கண்டுபிடித்ததன்று. 1662 இல் இயற்றப்பட்ட அச்சு உரிமச் சட்டம், உரிமமின்றி அச்சிடப்பட்டவற்றைத் தேடிச் சோதிக்கும் அதிகாரத்தை அரசுச் செயலமைச்சருக்கு வழங்கியிருந்தது. அச்சட்டம் 1695 இல் காலாவதியாயிற்று. சட்டம் செத்தது, ஆனால் அச்சட்டம் பெற்ற பிள்ளை சாகவில்லை. ஏறத்தாழ 70 ஆண்டுகளாக ஒவ்வோர் அமைச்சரும் முன்னவர் செய்ததையே பார்த்துத் தாமும் பொது வாரண்டு எழுதிவந்தனர். பின்னாளில் மக்கள் உரிமைக்காக முழங்கிய பிட் அவர்களும் போர்க் காலத்தில் தாம் அமைச்சராயிருந்தபோது இவ்வாறு எழுதியவரே. அலுவலகப் பழக்கம் ஒன்று நாளடைவிற் சட்டம்போல வேடமிட்டு நிற்கும் விந்தை இதுதான். அலுவலகங்களிற் பணிபுரிவோருக்கு இது புதுமையாகத் தோன்றாது.

சேவகர் புறப்பட்டனர். மூன்று நான்கு நாட்களில் 49 பேர் பிடிபட்டனர். டிரைடன் லீச் என்ற அச்சுக்கூட உரிமையாளர் ஒருவர். வில்க்ஸ் அவர் வீட்டிற்குச் சென்றதைக் கண்டோம் என்று யாரோ சொன்ன பேச்சைத் தவிர, அவருக்கு எதிராக ஆதாரம் இல்லை. நள்ளிரவிற் படுக்கையிலிருந்து அவரை எழுப்பிக் கொண்டுபோயினர். அவருடைய அச்சுக்கூடத்திற் கூலிக்கு வேலை செய்த தொழிலாளர்களும் உடன் பிடிபட்டனர். 45 ஆம் இதழ் அங்கே அச்சிடப்படவேயில்லை! நான்கு நாள் அடைத்துவைத்த பிறகே லீச் விடுவிக்கப்பட்டார். பின்னர் உண்மையான வெளியீட்டாளர் கியர்ஸ்லியும், அச்சிட்ட பால்பும் அகப்பட்டனர். அவர்கள் வாயிலாக வில்க்ஸின் பெயர் வெளிவந்தது.

பெயர் தெரிந்த பிறகேனும் புதிய வாரண்டு ஒன்று எழுதியிருக்கலாம். எழுதவில்லை. கையில் இருந்த பெயரில்லாத தாளே போதும் என்று அமைச்சர் கருதினார்.

ஏப்ரல் 30 காலையிற் சேவகர் கிரேட் ஜார்ஜ் தெருவிலிருந்த வில்க்ஸ் வீட்டிற் புகுந்தனர். வில்க்ஸ் வாரண்டை வாங்கிப் படித்தார். தம் பெயர் அதில் இல்லையே, இது ஆங்கில மக்கள் அனைவர் பேரிலும் எழுதப்பட்ட வாரண்டு அன்றோ, அடுத்த வீட்டுக்காரரைப் பிடிப்பதுதானே என்று நகைத்தார். அவ்வேளையில் அவருடைய நண்பரும் ஏட்டை எழுதுவதில் உதவியவருமான கவிஞர் சர்ச்சில் உள்ளே வந்தார். சேவகருக்குச் சர்ச்சிலைத் தெரியாது. "வாரும் தாம்ஸன்!" என்று வில்க்ஸ் வேறு பெயரிட்டு வரவேற்று, அவர் மனைவியின் நலத்தை உசாவினார். குறிப்பறிந்த சர்ச்சில் வந்த வழியே திரும்பி ஊரைவிட்டே அகன்றார். பெயரில்லாத வாரண்டினால் விளையும் பயனை அந்த ஒரு நொடியிலேயே வில்க்ஸ் மெய்ப்பித்துக் காட்டிவிட்டார் எனலாம்.

பின்னர் அவரை நாற்காலிப் பல்லக்கில் வைத்து, அதே தெருவிலிருந்த ஹாலிபாக்ஸ் பிரபுவின் வீட்டிற்குக் கொண்டுசென்றனர். அவர் வீட்டில் எஞ்சியிருந்த வேலையை ராபர்ட் வுட் என்ற துணைச் செயலாளர் மேற்பார்த்தார். இந்த வுட், பால்மைரா நகரத்து இடிபாடுகளைக் கண்டு நூல் எழுதிய கற்றறிந்தவர் என்பது நினைக்கத்தக்கது. கொல்லனை வரவழைத்துப் பூட்டுக்களைத் திறந்தனர். இழுப்பறைகளில் இருந்த காகிதங்கள் அனைத்தையும் சாக்கில் அள்ளிக்கொண்டு போயினர்.

வில்க்ஸின் நண்பர்கள் வாளாவிருக்கவில்லை. அன்றே பொது வழக்கு மன்றத்தை அணுகி ஆட்கொணர் ஆணை வேண்டினர். சிறைப்பட்டவரின் உடலை நீதிபதியின் முன் கொணர்ந்து, எக்காரணத்தால் அடைத்து வைத்துள்ளாய் என்று சொல் எனக் காவலனுக்கு இடும் கட்டளையே இது. 1679 ஆம் ஆண்டுச் சட்டம் இதற்கு வலுவூட்டியிருந்தது. மலேசிய அரசமைப்பின் 5 ஆம் பிரிவிலும் சிங்கப்பூர் அரசமைப்பின் 9 ஆம் பிரிவிலும், சட்டவிரோதமாக ஒருவர் அடைக்கப்பட்டுள்ளார் என்ற முறையீடு வந்தால் நீதிமன்றம் அதனை விசாரித்தே ஆகவேண்டும் என்று எழுதப்பட்டிருப்பது இதன் வழிவந்ததே. குற்ற வழக்குகளுக்கு உரிய மன்றம் மன்னர் நீதிமன்றமாயிருக்க, பொது வழக்கு மன்றத்தை ஏன் நாடினர்? மன்னர் நீதிமன்றத்தின் தலைமை நீதிபதி மேன்ஸ்பீல்டு பிரபு அரசாங்கத்திற்கு அணுக்கமானவர் என்ற எண்ணம் பரவியிருந்தது. பொது வழக்கு மன்றத் தலைமை நீதிபதி சார்ல்ஸ் பிராட்டோ பிட்டின் பழைய நண்பர். நீதிமன்றத்தைத் தேர்ந்தெடுக்கும் கலை அன்றும் இருந்தது.

ஆணை வந்ததும் அரசாங்கம் ஒரு வேடிக்கை செய்தது. ஆணை சேவகர் பேரில் இருந்தது. அது அவர்கள் கைக்குச் சேருமுன் வில்க்ஸை லண்டன் கோபுரச் சிறைக்கு மாற்றிவிட்டனர். 'அவர் எங்கள் காவலில் இல்லை' என்று சேவகர் பதில் எழுதினர். வார்த்தைக்கு வார்த்தை உண்மை! கோபுரத்தில் வழக்கறிஞரையும், அவருக்குப் பொருளுதவி செய்துவந்த டெம்பிள் பிரபுவையும்கூடக் காண விடவில்லை. வில்க்ஸ் தரப்பினர் கோபுர அதிகாரி பேருக்கு இரண்டாவது ஆணை பெற்றனர். மே 3 ஆம் நாள் வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபத்திற்கு அவர் கொண்டுவரப்பட்டார். கிளின் என்ற வழக்கறிஞர் வாதாடினார். தீர்ப்பு மே 6 ஆம் நாளைக்கு ஒத்திவைக்கப்பட்டது. அன்று மன்றத்தில் வில்க்ஸ் பேசியபோது, இவ்வழக்கு பிரபுக்களைப் பற்றியது மட்டுமன்று, காவல் மிகுதியும் தேவைப்படும் நடுத்தர மக்களையும் எளிய மக்களையும் பற்றியதுமாகும் என்னும் கருத்தை வலியுறுத்தினார். மண்டபமும் வெளிவாயிலும் மக்கள் வெள்ளமாயிருந்தன.

தீர்ப்பு என்ன? வில்க்ஸ் விடுதலை பெற்றார். மக்கள் அவர் பெயரையும் 'சுதந்திரம்' என்ற சொல்லையும் இணைத்து முழங்கியவாறு வீடுவரை தொடர்ந்து சென்றனர். பாடநூல்கள் பெரும்பாலும் இவ்விடத்தில் நின்றுவிடுகின்றன. தீர்ப்பின் காரணத்தைப் படித்தால் முழக்கம் சற்றே அடங்கிவிடும்.

வில்க்ஸ் தரப்பு மூன்று வாதங்களை முன்வைத்தது. எந்தச் சாட்சியத்தின்பேரில் அவர் அடைக்கப்பட்டார் என்பது சிறையடைப்பு வாரண்டிற் கூறப்படவில்லை என்பது ஒன்று. நிந்தனை எனப்பட்ட வாசகங்கள் அதில் எடுத்தெழுதப்படவில்லை என்பது மற்றொன்று. இவ்விரண்டையும் பிராட் தள்ளிவிட்டார். மூன்றாவது, பாராளுமன்ற உறுப்பினருக்குரிய சிறப்புரிமை. இராஜத் துரோகம், பெருங்குற்றம், அமைதிக் குலைவு ஆகிய மூன்றுக்கன்றி உறுப்பினரைப் பிடிக்க இயலாது. நிந்தனை எழுத்து அமைதிக் குலைவை நோக்கிச் செல்வதாகலாமேயன்றி அதுவே அமைதிக் குலைவு ஆகாது. ஆதலின் வில்க்ஸை விடுக. தீர்ப்பு இவ்வளவே.

அப்படியாயின் பொது வாரண்டு? அதைப் பற்றி அத்தீர்ப்பு முடிவேதும் கூறவில்லை. கூறுவதற்கும் வழியில்லை. ஆட்கொணர் ஆணைக்குக் கோபுர அதிகாரி காட்டிய தாள் சிறையடைப்பு வாரண்டு. அதில் வில்க்ஸின் பெயர் இருந்தது. அவரைப் பிடித்த பொது வாரண்டோ மன்றத்தின் முன் இல்லை. இப்போது இவரை அடைத்து வைத்திருக்கும் தாள் எது என்பதையே அந்த மன்றம் நோக்கும். எப்படி இவர் கைக்கு வந்தார் என்பதை அது துருவவில்லை. விசாரணைக்கு முன் எழும் எதிர்ப்பின் ஆற்றலும் அதன் குறைவும் இங்கே ஒருசேரத் தெரிகின்றன. அது விரைவானது, ஒரே வாரத்திற் சிறைக் கதவைத் திறந்துவிட்டது. ஆனால் திறந்தது ஒருவருக்கு. அதுவும் பாராளுமன்ற உறுப்பினர் என்பதற்காக. டிரைடன் லீச்சுக்கும் அவருடைய தொழிலாளருக்கும் அத்தகைய சிறப்புரிமை ஏது?

அந்தச் சிறப்புரிமையும் நெடுநாள் நிலைக்கவில்லை. அதே ஆண்டு நவம்பரிற் காமன்ஸ் சபை கூடியதும், உறுப்பினரின் சிறப்புரிமை அரச நிந்தனை வழக்கிற்குச் செல்லாது என்று தீர்மானித்துவிட்டது. பிரபுக்கள் சபையும் இசைந்தது. பிராட் திறந்த கதவை உறுப்பினர்களே தங்களுக்கு எதிராகச் சாத்திக்கொண்டனர்.

இனி அச்சுத் தொழிலாளரின் செய்தியைக் காண்போம். இவ்வரலாற்றின் உயிர்நிலை இங்கேதான் உள்ளது.

அவர்களிற் பெரும்பாலோர் மீது வழக்கே தொடரப்படவில்லை. சில மணி நேரமோ சில நாளோ வைத்திருந்து விட்டுவிட்டனர். வழக்கு இல்லையெனில் எதிர்த்து வாதாட இடமும் இல்லை. வெளியே வந்துவிட்டவனுக்கு ஆட்கொணர் ஆணையாற் பயனில்லை. வேறு எவ்வகையிற் கேள்வியை எழுப்புவது? அவர்கள் கண்ட வழி எளியது. வீட்டிற் புகுந்தவன், ஆளைப் பிடித்தவன் யாராயினும், சட்ட அதிகாரம் இல்லையேல் அவன் அத்துமீறியவனே. அவன்மீது நட்டஈட்டு வழக்குத் தொடரலாம். அப்போது 'எனக்கு அதிகாரம் உண்டு' என்று காட்டும் கடமை அவனுடையது. அதிகாரத்தைக் காட்ட அவன் அந்தப் பொது வாரண்டை நீதிமன்ற மேசைமீது வைத்தே தீரவேண்டும். ஆட்கொணர் வழக்கிற் கண்ணிற்படாமல் ஒளிந்திருந்த தாள் இவ்வாறு வெளிச்சத்திற்கு வந்தது.

1763 ஜூலையில் முதல் வழக்கு விசாரிக்கப்பட்டது. வழக்கிட்டவர் ஹக்கிள் என்ற தொழிலாளி. லீச்சின் அச்சுக்கூடத்தில் வாரம் ஒரு கினி கூலிக்கு வேலை செய்தவர். எதிரி, அவரைப் பிடித்த அரச சேவகர் மனி. ஹக்கிள் அடைபட்டிருந்தது ஏறத்தாழ ஆறு மணி நேரமே. அவரைத் துன்புறுத்தவில்லை, மாட்டிறைச்சியும் பீரும் வாங்கிக் கொடுத்து உபசரித்திருந்தனர். ஆகவே சில்லறைத் தொகை தந்தாற் போதும் என்பது அரசாங்க வழக்கறிஞரின் வாதம். ஜூரர்கள் 300 பவுன் தரச் சொன்னார்கள்! கினி என்பது 21 ஷில்லிங். கணக்கிட்டுப் பார்த்தால் அது அத்தொழிலாளியின் ஐந்தரை ஆண்டுக் கூலியாகும். தொகை மிகை என்று அரசாங்கத் தரப்பு முறையிட்டபோது பிராட் அதனை ஏற்கவில்லை. ஆறு மணி நேர இடர்ப்பாட்டை மட்டும் அளந்தால் 20 பவுனே போதுமானதாயிருக்கலாம். ஆயினும் ஜூரர் அளந்தது அதையன்று. பெயரில்லாத வாரண்டைக் கொண்டு ஆதாரம் தேடி ஒருவன் வீட்டிற்குள் நுழைவது, ஸ்பெயின் தேசத்து மதவிசாரணை மன்றத்தின் கொடுமையினும் மிக்கது என்னும் கருத்துப்பட அவர் கூறினார்.

வாரம் ஒரு கினி பெறுபவர் அரசாங்கத்தை எதிர்த்து வழக்காடுவது எப்படி இயலும் என்ற ஐயம் எழலாம். செலவிற்குப் பின்னால் டெம்பிள் பிரபுவின் பணப்பை இருந்தது. எதிர்க்கட்சி அரசியலும் இருந்தது. இதனை மறைத்து, தொழிலாளர்கள் தாமே எழுந்து நின்றார்கள் என்று எழுதுவது வரலாறாகாது. ஆயினும் பணம் பிறருடையதாயினும் வழக்கில் இருந்த பெயர் ஹக்கிளின் பெயர். கூலி கொடுப்போரும் அதிகாரிகளும் உற்றுநோக்கிக்கொண்டிருக்கும் ஊரில் அப்பெயரைக் கொடுப்பதற்கும் ஒரு துணிவு வேண்டும்.

ஹக்கிளைத் தொடர்ந்து ஏனைய தொழிலாளரும் வழக்கிட்டனர். டிசம்பர் 6 ஆம் நாள் வில்க்ஸே துணைச் செயலாளர் வுட்மீது தொடர்ந்த வழக்கில் 1,000 பவுன் கிடைத்தது. சில நாளில் லீச்சுக்கு 400 பவுன். லீச்சின் வழக்கை அரசாங்கம் மன்னர் நீதிமன்றத்திற்குக் கொண்டுபோயிற்று. அங்கே இருந்தவர் மேன்ஸ்பீல்டு. அரசாங்கத்திற்கு அணுக்கமானவர் என்று வில்க்ஸ் தரப்பினர் அஞ்சி ஒதுங்கிய அதே மேன்ஸ்பீல்டு. யாரைப் பிடிப்பது என்று தீர்மானிக்கும் பொறுப்பை அதிகாரிக்கு விட்டுவிடுதல் தகாது, அதனைத் தீர்மானிக்க வேண்டியவர் நடுவரே என்ற கருத்தை அவரும் 1765 இல் வெளியிட்டார். இறுதித் தீர்ப்பை மட்டும் குறுகிய காரணத்தின்மேல் நிறுத்தினார்: லீச் அவ்விதழின் ஆசிரியரும் அல்லர், அச்சிட்டவரும் அல்லர், வெளியிட்டவரும் அல்லர், ஆகவே வாரண்டு செல்லும் என்றே வைத்துக்கொண்டாலும் சேவகர் அதன்படி நடக்கவில்லை. நண்பர் எனப்பட்டவர் பக்கம் சாய்வார், பகைவர் எனப்பட்டவர் பகைப்பார் என்ற கணக்கு நீதிமன்றத்தில் எப்போதும் பலிப்பதில்லை.

இன்னும் ஒன்று எஞ்சி நின்றது. பெயர் குறித்த வாரண்டாக இருந்து, காகிதங்களைப் பொறுத்தமட்டில் 'எல்லாவற்றையும் எடுத்து வருக' என்று இருந்தால்? 'மானிட்டர்' என்ற ஏட்டில் எழுதிவந்த ஜான் என்டிக் என்பவருக்கு இது நேர்ந்திருந்தது. 1762 நவம்பரில், 45 ஆம் இதழ் வெளிவருவதற்கு முன்னரே, கேரிங்டனும் பிற சேவகரும் அவர் வீட்டிற் புகுந்து நான்கு மணி நேரம் துருவிக் காகிதங்களை எடுத்துச் சென்றனர். ஹாலிபாக்ஸ் எழுதிய அந்த வாரண்டில் என்டிக்கின் பெயர் இருந்தது. அச்சுத் தொழிலாளர் வென்றதைக் கண்ட பின்னரே அவரும் வழக்கிட்டார். 1765 இல் தீர்ப்பளித்தவர் பிராட். அப்போது அவர் கேம்டன் பிரபு ஆகிவிட்டார். அமைச்சருக்கு இவ்வதிகாரம் உண்டெனில் அது சட்டநூலில் எங்கேனும் காணப்பட வேண்டும், தேடியும் காணவில்லை, ஆகவே அது இல்லை என்றார். பல ஆண்டு வழக்கம் என்ற வாதத்தையும், அரசின் தேவை என்ற வாதத்தையும் அவர் ஏற்கவில்லை. ஒருவனுடைய காகிதங்களையே எடுத்து அவனுக்கு எதிரான சாட்சியாக்குவது, அவன் வாயாலேயே அவனைக் குற்றவாளியாக்குவதற்கு நிகர் என்றும் விளக்கினார். குடிமகன் செய்வதற்குச் சட்டம் தடை சொல்லாதிருந்தாற் போதும். அரசாங்கம் செய்வதற்குச் சட்டம் இடம் தந்திருக்க வேண்டும் என்னும் வேறுபாடு இத்தீர்ப்பிலிருந்தே பலருக்கும் பாடமாயிற்று. என்டிக்குக்குக் கிடைத்தது 300 பவுன்.

வில்க்ஸ் பின்னர் என்ன ஆனார்? விடுதலையானதும் தம் வீட்டிலேயே அச்சுப்பொறி வைத்து 45 ஆம் இதழை மறுபடி அச்சிட்டார். ஆபாசமான கேலிச் செய்யுள் ஒன்றையும் அங்கே அச்சடித்தார். அதன் படி அரசாங்கத்தின் கையிற் சிக்கிற்று. அட்டர்னி ஜெனரல் இரண்டு வழக்குகளையும் மன்னர் நீதிமன்றத்திற் கொண்டுவந்தார். விசாரணைக்குச் சற்று முன்னர், குற்றப்பத்திரிகையில் ஒரு சொல்லை மாற்றி மறுசொல்லை இட மேன்ஸ்பீல்டு தம் அறையிலேயே அனுமதித்தார். சிறு திருத்தந்தான், ஆனால் வில்க்ஸ் அதைக் கடைசிவரை விடவில்லை. இதற்கிடையில் அவர் பாரிசுக்குச் சென்றுவிட்டார். 1764 பிப்ரவரியில் அவர் இல்லாமலே குற்றவாளி என்று முடிவாயிற்று. நவம்பரில் அவர் சட்டத்திற்குப் புறம்பானவர் என அறிவிக்கப்பட்டார். 1768 இல் அவர் திரும்பி வந்தபோது அவ்வறிவிப்பை மேன்ஸ்பீல்டே நீக்கினார். என்ன காரணத்தால்? அறிவிப்புப் பத்திரத்தில் 'கவுண்டி மன்றத்தில்' என்றிருந்ததேயன்றி, 'மிடில்செக்ஸ்' கவுண்டியின் மன்றம் என்று உரிய இடத்தில் எழுதப்படவில்லை. ஒரு கவுண்டியின் பெயர் விடுபட்டதற்காக அவ்வளவு பெரிய அறிவிப்பு சரிந்தது. முதற் குற்றத் தீர்ப்புகள் மட்டும் நிலைத்தன. 22 திங்கள் சிறையும் 1,000 பவுன் அபராதமும் விதிக்கப்பட்டன.

வாரண்டிற் கையெழுத்திட்ட ஹாலிபாக்ஸ் பிரபுமீது வில்க்ஸ் தொடர்ந்த வழக்கும் ஒன்று இருந்தது. பிரபு என்ற தம் சிறப்புரிமையைக் காட்டி ஹாலிபாக்ஸ் அதனை இழுத்தடித்தார். வில்க்ஸ் சட்டத்திற்குப் புறம்பானவர் என்று அறிவிக்கப்பட்டதும், அத்தகையவன் வழக்காட முடியாது என்று நிறுத்தியே விட்டார். சிறப்புரிமையால் விடுதலை பெற்றவர் வில்க்ஸ். சிறப்புரிமையாற் காலங்கடத்தியவர் அவரைப் பிடித்தவர். அறிவிப்பு நீங்கிய பின்னர் வழக்கு மீண்டும் உயிர்பெற்று, 1769 நவம்பரில் 4,000 பவுன் நட்டஈட்டுடன் முடிந்தது. வில்க்ஸ் அப்போது சிறையில் இருந்தார்.

அதற்கு மூன்றாண்டு முன்னரே, 1766 ஏப்ரலில், நிந்தனை வழக்குகளிற் பொது வாரண்டு எழுதுவது சட்டவிரோதம் என்று காமன்ஸ் சபை தீர்மானம் நிறைவேற்றியிருந்தது. இச்செய்திகள் கடல் கடந்து அமெரிக்கக் குடியேற்றங்களிலும் பரவின. சுங்க அதிகாரிகள் எவ்வீட்டையும் சோதிக்கலாம் என்ற ஆணைகளை அங்கே பாஸ்டன் நகரத்தார் 1761 முதலே எதிர்த்து வந்தனர். 45 என்ற எண்ணே அவர்களுக்கு ஒரு சின்னமாயிற்று. பென்சில்வேனியாவில் ஓர் ஊருக்கு வில்க்ஸ்-பாரி என்று பெயரிட்டனர். தென் கரோலினாச் சபை 1769 இல் வில்க்ஸின் ஆதரவாளர்களுக்கு 1,500 பவுன் அனுப்பிற்று. 1791 இல் ஐக்கிய அமெரிக்க அரசமைப்பிற் சேர்க்கப்பட்ட நான்காம் திருத்தம், சோதிக்க வேண்டிய இடத்தையும் பிடிக்க வேண்டிய ஆளையும் வாரண்டிற் குறிப்பாக எழுதவேண்டும் என்று விதிக்கிறது. கேம்டன் பிரபுவின் பெயரும் அந்நாட்டின் ஊர்கள் சிலவற்றுக்கு உண்டு. ஹக்கிளின் பெயர் சட்ட அறிக்கை நூல்களில் மட்டும் இருக்கிறது; சேவகர் மனியின் பெயருக்கு முன்னால்.